காதல் சொல்ல ஆட்டுக்குட்டியோடு போனவன்: தாமஸ் ஹார்டியின் ஒரு நாவல்

கிராமத்துக் காதல் கதை எழுதுகிறவர்களுக்கு வயல், வரப்பு, கிணற்றடி, அந்திவெயில் எல்லாம் தயாராகக் கிடைக்கின்றன. இரண்டு பேரைக் கொண்டுபோய் அங்கே நிறுத்தினால் போதும் என்று பலரும் நினைத்துவிடுகிறார்கள். ஆனால் கிராமத்தில் யாரும் சும்மா நிற்பதில்லை. அவளுக்குப் பால் கறக்க நேரமாகியிருக்கும், அவனுக்கு மடை மாற்ற வேண்டியிருக்கும். வேலைக்கு நடுவில் கிடைக்கிற கொஞ்ச நேரத்தில்தான் பார்வையும் பேச்சும். அந்த வேலையை எடுத்துவிட்டால் மிச்சமிருப்பது வெறும் பின்னணித் திரைதான்.

தாமஸ் ஹார்டியின் 'ஃபார் ஃப்ரம் தி மேடிங் கிரவுட்' நாவலில் அந்த வேலை கதை நெடுக வந்துகொண்டே இருக்கிறது. இதில் ஒரு பெண்ணை மூன்று பேர் விரும்புகிறார்கள். அவர்களில் யார் எப்படிப்பட்டவர் என்பதை ஹார்டி வசனத்தால் சொல்வதைவிட ஆடு, வைக்கோலும் கதிரும் அடுக்கிய படப்பு, மயிர் வெட்டும் கத்தரி, மழை இவற்றை வைத்தே அதிகம் சொல்கிறார். கிராமத்துக் காதலை எழுத விரும்புகிறவர்களும் அப்படிப்பட்ட கதைகளைத் தேடிப் படிக்கிறவர்களும் இதைக் கட்டாயம் படிக்க வேண்டும் என்பது என் கருத்து. கதையின் முடிவு வரை பேசப்போகிறேன். தெரியாமல் படிக்க விரும்புகிறவர்கள் நாவலை முடித்துவிட்டு வரலாம்.

முதலில் நூல் விவரம். 1874 ஜனவரி முதல் டிசம்பர் வரை 'கார்ன்ஹில்' இதழில் தொடராக வந்தது. முதலில் ஆசிரியர் பெயர் போடாமல்தான் வெளியானது. அந்த ஆண்டு நவம்பரிலேயே இரண்டு தொகுதிகளாகப் புத்தகமும் வந்துவிட்டது. மொத்தம் 57 அத்தியாயங்கள். இங்கிலாந்தின் தென்மேற்கிலுள்ள டார்செட் மாவட்டத்தில், ஹையர் பாக்காம்ப்டன் என்ற சிற்றூரில் 1840-இல் பிறந்தவர் ஹார்டி. இந்த நாவலையும் அங்கே பெற்றோர் வீட்டில் இருந்தபடிதான் எழுதினார். கதை நடக்கும் வெதர்பரி, பக்கத்து ஊரான படில்டவுனை மனதில் வைத்து எழுதப்பட்டது. சந்தை கூடும் காஸ்டர்பிரிட்ஜ் என்பது டார்செஸ்டர் நகரம். 'வெஸ்ஸெக்ஸ்' என்று தன் கதை நிலத்துக்கு அவர் பெயர் வைத்ததும் இந்த நாவலில்தான்.

கதைக்கு வருவோம். கேப்ரியல் ஓக்குக்கு 28 வயது. கூலிக்கு மேய்த்துச் சேர்த்த பணத்தை வைத்துக் கொஞ்சம் நிலம் குத்தகைக்கு எடுத்து, கடனுக்கு 200 செம்மறி வாங்கிவிட்டிருக்கிறான். பக்கத்தில் அத்தை வீட்டில் வந்து தங்கியிருக்கும் பாத்ஷிபா எவர்டீனை அவனுக்குப் பிடித்துப்போகிறது. விவிலியத்தில் தாவீதின் கதையில் வரும் பத்சேபாளின் பெயர்தான் இவளுக்கும். பெண் கேட்கப் போக ஒரு காரணம் வேண்டுமே! தாய் செத்துப்போன ஒரு குட்டியைக் கூடையில் வைத்துக்கொண்டு, இதை வளர்க்க அவளுக்கு ஆசை இருக்குமோ என்று கேட்பதுபோல் போகிறான்.

குட்டி ஈனும் பருவத்தில் தாயில்லாக் குட்டி ஒன்றிரண்டு விழுவது சகஜம். புட்டிப்பால் கொடுத்து வளர்க்க மேய்ப்பனுக்கு நேரம் இருக்காது. அக்கம்பக்கத்தில் யாராவது பெண்கள் வாங்கி வளர்த்தால் அவனுக்குப் பாரம் குறையும், அவர்களுக்கு ஓர் ஆடு கிடைக்கும். ஆகவே ஓக் கொண்டுபோனது ஒப்புக்குச் சொன்ன காரணமும் இல்லை, வெறும் பரிசும் இல்லை. அந்தத் தொழிலில் இருக்கிறவன் வாசலில் போய் நின்று பேச்சைத் தொடங்க அதைவிடப் பொருத்தமான பொருள் கிடையாது. ரோஜாப்பூவோடு அனுப்பியிருந்தால் அவன் வேறு ஆளாகியிருப்பான்.

அந்தப் பெண்பார்க்கும் படலம் எப்படிக் கெடுகிறது என்பதை நிதானமாகப் படிக்க வேண்டும். அவளுக்கு ஏற்கெனவே நிறையப் பேர் காத்திருக்கிறார்கள் என்று அத்தை அளந்துவிட, ஓக் திரும்பி நடக்கிறான். பாத்ஷிபா பின்னாலேயே ஓடிவருகிறாள். அத்தை சொன்னது பொய், எனக்கு அப்படி யாரும் கிடையாது என்று மூச்சுவாங்கச் சொல்கிறாள். அவனுக்கு நம்பிக்கை பிறந்துவிடுகிறது. அவளோ பொய்யைத் திருத்தத்தான் வந்தாள், சம்மதம் சொல்ல வரவில்லை. இரண்டையும் அவன் குழப்பிக்கொண்டு ஆசை காட்ட ஆரம்பிக்கிறான்: ஓரிரு ஆண்டில் ஒரு பியானோ, சந்தைக்குப் போக 10 பவுண்டில் ஒரு சிறு வண்டி, பூச்செடி, கோழி, வெள்ளரிக்காய் வளர்க்கச் சட்டம் போட்ட பாத்தி. இந்தப் பட்டியலில் ஒரு மேய்ப்பனின் கனவு முழுக்க இருக்கிறது. எதுவும் அவன் சக்திக்கு மிஞ்சியதில்லை. ஆனால் காசுள்ள பெண்ணைக் கட்டினால் பண்ணையைப் பெரிதாக்கலாமே என்று அவள் சொன்னதும், நானும் அதையேதான் நினைத்தேன் என்று வாய் தவறி உண்மையைச் சொல்லிவிடுகிறான். அங்கே முடிந்தது பேச்சு. நேர்மையே காரியத்தைக் கெடுக்கும் இடம் இது. இதே நேர்மைதான் கடைசியில் காரியத்தை முடிக்கப்போகிறது.

அடுத்த அத்தியாயத்திலேயே அவன் எல்லாவற்றையும் இழக்கிறான். ஓக்கிடம் இரண்டு நாய்கள். கிழநாய்க்கு வேலை தெரியும். இளம் நாய்க்கு ஆட்டைத் துரத்த வேண்டும் என்பது மட்டும் புரிந்திருக்கிறது, எங்கே நிறுத்த வேண்டும் என்பது புரியவில்லை. கிடைநாயைப் பழக்கியவர்களுக்குத் தெரியும், துரத்தக் கற்றுக்கொடுப்பது சுலபம், நிறுத்தக் கற்றுக்கொடுப்பதுதான் பாடு. ஓர் இரவு செத்த குட்டியின் கறியைத் தின்ற தெம்பில் அது மந்தையை விரட்டிக்கொண்டே போய், வேலியை முறித்துச் சுண்ணாம்புப் பள்ளத்தின் விளிம்புக்குத் தள்ளிவிடுகிறது. 200 சினையாடுகள் கீழே சிதறிக் கிடக்கின்றன. வயிற்றுக் குட்டிகளையும் சேர்த்தால் இழப்பு இரட்டிப்பு. காப்பீடு எதுவும் இல்லை. இருப்பதை விற்றுக் கடனை அடைத்தபின் உடுத்திய துணிதான் மிச்சம். அந்த நேரத்தில் ஓக் நினைப்பது, நல்லவேளை அவளைக் கட்டிக்கொள்ளவில்லை, இந்த வறுமையில் அவளும் விழுந்திருப்பாளே என்று. அவனுடைய காதலை இதற்குமேல் விளக்க வேண்டியதில்லை.

இதன்பின் அவன் காஸ்டர்பிரிட்ஜ் ஆள்பிடிப்புச் சந்தைக்குப் போகிறான். வண்டிக்காரர் தொப்பியில் சாட்டைக்கயிறு, கூரை வேய்கிறவர் தொப்பியில் பின்னிய வைக்கோல், மேய்ப்பர் கையில் தொரட்டிக் கம்பு. பண்ணைக்காரர் பார்வையாலேயே ஆளைத் தேர்ந்துகொள்வார். ஓக்குக்கு வேலை கிடைக்காமல் வழியில் ஒரு படப்பு எரிவதைப் பார்த்து ஓடிப்போய் அணைக்கிறான். அது யாருடைய பண்ணை என்றால், சித்தப்பாவின் பண்ணைக்கு இப்போது முதலாளியாக வந்திருக்கும் பாத்ஷிபாவுடையது. நிராகரித்த பெண்ணிடமே மேய்ப்பனாக வேலை கேட்டு நிற்க வேண்டிய நிலை. இந்தத் தற்செயல் கொஞ்சம் அதிகம்தான். ஆனால் தீயணைக்கும் விவரத்தில் ஹார்டி நம்மை நம்பவைத்துவிடுகிறார். கதிர்ப்போர்கள் கல்தூண் மேல் தரையிலிருந்து உயர்த்தி அடுக்கப்பட்டிருக்கின்றன. எரியும் வைக்கோலிலிருந்து காற்று அடியில் புகுந்தால் எல்லாம் போய்விடும். ஆகவே முதலில் ஒரு துணியால் அடிப்புறத்தை மூடச் சொல்கிறான் ஓக். தண்ணீர் ஊற்றுவது அதற்குப் பிறகுதான்.

இரண்டாவது ஆள் போல்ட்வுட், பக்கத்துப் பெரிய பண்ணைக்காரர், நாற்பதை ஒட்டிய வயது, யாரையும் ஏறெடுத்துப் பார்க்காத மனிதர். தானியச் சந்தையில் ஆண்களுக்கு நடுவே ஒரே பெண்ணாகப் பாத்ஷிபா நிற்கும்போது இவர் ஒருவர்தான் திரும்பிப் பார்க்காதவர். அது அவளை உறுத்துகிறது. பிப்ரவரி 13, ஞாயிறு. வாலன்டைன் அட்டையொன்றை ஒரு சின்னப் பையனுக்கு அனுப்ப நினைத்தவள், தோழி லிடியின் பேச்சைக் கேட்டு, பாட்டுப் புத்தகத்தைச் சுண்டிவிட்டுப் பார்க்கிறாள். திறந்து விழுந்தால் பையனுக்கு, மூடி விழுந்தால் போல்ட்வுட்டுக்கு. மூடி விழுகிறது. என்னை மணந்துகொள் என்று பொறித்த அரக்கு முத்திரை கைக்கு அகப்பட, அதை வைத்தே ஒட்டிவிடுகிறாள். ஒரு நிமிட விளையாட்டு. வாங்கிய மனிதருக்கு அதுவே பித்தாகிவிடுகிறது.

கிராமத்தில் ஒரு சொல், ஒரு சைகை எவ்வளவு பாரமானது என்பதை இந்தப் பகுதி காட்டுகிறது. நகரத்தில் ஓர் அட்டை வந்தால் மறுநாள் மறந்துவிடலாம். இங்கே அனுப்பியவளைத் தினமும் எதிர்வேலியில் பார்க்க வேண்டும், கோயிலில் பார்க்க வேண்டும், சந்தையில் பார்க்க வேண்டும். போல்ட்வுட்டின் பித்து வளர்வதற்கு அவர் சுபாவம் பாதிக் காரணம், அந்த நெருக்கம் மீதிக் காரணம்.

நாவலின் உயிர் 20 முதல் 22 வரையுள்ள மூன்று அத்தியாயங்களில் இருக்கிறது. கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

ஆட்டுமயிர் கத்தரிக்கும் பருவம் நெருங்குகிறது. ஓக் சாணைக்கல்லில் கத்தரி தீட்டிக்கொண்டிருக்கிறான். பாத்ஷிபா வந்து, நீ கல்லைச் சுற்று, நான் கத்தரியைப் பிடிக்கிறேன் என்கிறாள். அவளுக்குப் பிடிக்கத் தெரியவில்லை. எழுத்துப் பழகும் பிள்ளையின் கையைப் பிடிப்பதுபோல் அவள் கைகளின் மேல் தன் கைகளை வைத்து, அலகை எந்தச் சாய்வில் கொடுக்க வேண்டும் என்று காட்டுகிறான். சாய்வு தவறினால் விளிம்பு வழவழத்துப்போகும், மயிரைக் கடிக்காது. பேச்செல்லாம் கத்தரியைப் பற்றியதாகவே போகிறது. நாவலில் அவன் அவளைத் தொடும் மிகச் சில இடங்களில் இது ஒன்று. அவள் மெல்ல, என்னையும் போல்ட்வுட்டையும் பற்றி ஆட்கள் என்ன பேசுகிறார்கள் என்று விசாரிக்கிறாள். தெரிந்ததைச் சொல்லிவிட்டு, உன் அபிப்பிராயம் என்ன என்று கேட்டபோது, மனதில் இல்லாத ஒருவரை இப்படி இழுத்தடித்தது உனக்குத் தகாது என்றும் சொல்லிவிடுகிறான். கோபத்தில் அவனை வேலையைவிட்டு நிறுத்துகிறாள். அவனும் உடனே கிளம்பிவிடுகிறான்.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. ஆடுகள் வேலியை உடைத்துக்கொண்டு இளம் க்ளோவர் வயலில் புகுந்துவிட்டன. க்ளோவர் பயறு வகையைச் சேர்ந்த தீவனப் பயிர். ஈரப்பசுமையாக வயிறு முட்ட மேய்ந்தால் முதல் இரைப்பையில் அது புளித்து நுரைத்து வாயு கட்டிவிடும். ஏப்பமாக வெளியேற முடியாத அந்த வாயு நுரையீரலை நெருக்கும். ஆடு இடதுபக்கம் பானைபோல் ஊதி, மூச்சுத் திணறிச் சாயும். மாடு வளர்க்கிற நம் வீடுகளில் பச்சைப்பயறுக் கொடியைத் தின்று வயிறு உப்பினால் என்ன பதற்றம் வரும் என்று தெரியும். அதே நோய், ஒரே நேரத்தில் 57 ஆடுகளுக்கு.

செய்யத் தெரிந்தவன் சுற்றுவட்டாரத்தில் ஒருவன்தான், நேற்று அவள் துரத்தியவன். முதலில் அதிகாரமாகச் சொல்லியனுப்புகிறாள். மரியாதையாகக் கேட்டால் வருகிறேன் என்று பதில் வருகிறது. அதற்குள் ஓர் ஆடு துள்ளி விழுந்து செத்தும்போகிறது. அழுதுகொண்டே சீட்டெழுதி, கடைசியில் என்னைக் கைவிட்டுவிடாதே என்று ஒரு வரி சேர்த்தனுப்புகிறாள். ஓக் வந்துவிடுகிறான்.

சிகிச்சையை ஹார்டி படிப்படியாக எழுதுகிறார். ஓக் பையிலிருந்து எடுப்பது ஒரு சிறு குழல், அதற்குள் ஓர் ஈட்டிமுனை ஊசி. கால்நடை மருத்துவர்கள் இன்றும் வைத்திருக்கும் ட்ரோகார்தான் அது. ஆட்டின் இடது விலாப்பக்கத்தில் கையால் தடவி இடம் பார்க்கிறான். கடைசி விலா எலும்புக்கும் இடுப்பெலும்புக்கும் நடுவே உள்ள பள்ளம் அது. குழலும் ஊசியுமாகச் சேர்த்தே தோலையும் இரைப்பையையும் குத்துகிறான். சட்டென்று ஊசியை மட்டும் உருவிவிட்டுக் குழலை அங்கேயே விடுகிறான். குழல் வழியே காற்று பீறிட்டு வருகிறது. வேதனை தீர்ந்த ஆடு கொஞ்ச நேரம் அசையாமல் கிடக்கிறது. பிறகு அடுத்த ஆடு. இடம் தப்பினால் ஆடு அங்கேயே போய்விடும். 49 ஆடுகளுக்குச் சரியாகச் செய்கிறான், ஒன்றில் தவறுகிறது. அவன் தொடுவதற்கு முன்பே 4 செத்திருந்தன, 3 தாமாகவே தேறின. கூட்டிப் பாருங்கள், 57 சரியாக வரும். காதல் காட்சியில் இப்படிக் கணக்கு காட்டும் நாவலாசிரியர் அபூர்வம். அந்த ஒரு தவறையும் மறைக்காமல் சொல்வதால்தான் ஓக்கை நாம் நம்புகிறோம். எல்லாவற்றையும் காப்பாற்றியிருந்தால் அவன் கதாநாயகன் ஆகியிருப்பான், மேய்ப்பனாக இருந்திருக்க மாட்டான்.

வேலை முடிந்ததும் அவள் கேட்பது, என்னிடமே இருந்துவிடுகிறாயா என்று. அவன் இருக்கிறேன் என்கிறான். அவ்வளவே.

22-ஆம் அத்தியாயத்தில் ஜூன் 1, பெரிய களஞ்சியத்தில் மயிர் கத்தரிப்பு. ஓக் ஓர் ஆட்டைக் கத்தரிக்கிறான், அவள் கையில் கடிகாரம். நெற்றி மயிரில் கத்தரி வைத்ததிலிருந்து இருபத்துமூன்றரை நிமிடம் என்கிறாள். அரைமணிக்குள் முடித்து இதற்குமுன் அவள் பார்த்ததில்லை. அந்த நிமிடக் கணக்குதான் அவர்களுக்குள் இருக்கும் நெருக்கம். அவன் நிறைந்துபோகிறான். அப்போது போல்ட்வுட் உள்ளே வருகிறார். இருவரும் ஒதுங்கி நின்று பேசுகிறார்கள். ஓக்கின் கவனம் சிதறி, கத்தரி ஆட்டின் தொடையிடுக்கில் தோலைக் கிழித்துவிடுகிறது. மற்றவர்களை இவ்வளவு கண்டிக்கிற நீயே இப்படிச் செய்யலாமா என்று அவள் கடிந்துகொள்கிறாள். தோல் தளர்ந்து மடியும் அந்த இடத்தில்தான் பழகியவர்களுக்கும் கை தவறும். பொறாமை என்ற சொல்லைப் போடாமல், எங்கே தவறும் என்று தெரிந்த இடத்திலேயே தவறவைத்துப் பொறாமையைக் காட்டியிருக்கிறார். காயத்துக்கு மருந்து பூசும்போது அந்தக் காயத்துக்கு உண்மையான காரணம் தான்தான் என்பது அவளுக்கும் தெரியும்.

மூன்றாவது ஆள் சார்ஜென்ட் ட்ராய். இருட்டில் தோப்புப் பாதையில் அவனுடைய குதிமுள் அவள் பாவாடைச் சரிகையில் மாட்டிக்கொள்வதில் அறிமுகம். ட்ராயும் வேலை செய்கிறான். வைக்கோல் அறுப்பில் உதவ வருகிறான். தேனீக்கூட்டம் மரத்தில் அண்டியபோது அவளுடைய முகத்திரையையும் கையுறையையும் மாட்டிக்கொண்டு கூட்டுக்குள் இறக்குகிறான். ஆனால் அவன் கைவைக்கிற ஒவ்வொரு வேலையும் அவளை நெருங்குவதற்கான சாக்கு. புதர்ச்செடிகள் சூழ்ந்த பள்ளத்தில் அவளை நடுவில் நிறுத்தி வாள் சுழற்றிக் காட்டும் காட்சி நாவலில் மிகப் புகழ்பெற்றது. வாளுக்குக் கூர் இல்லை என்று முதலில் சொல்லிவிடுகிறான். பிறகு அவள் கூந்தலில் ஒரு சுருளை அறுத்தெடுக்கிறான், மேலாடையில் ஊர்ந்த புழுவை முனையில் குத்தி எடுக்கிறான். அதன்பிறகுதான் அது சவரக்கத்திபோல் கூர் என்கிறான். கத்தரியும் வாளும் இரண்டுமே இரும்பு. ஒன்றை எப்படிப் பிடிப்பது என்று ஓக் அவளுக்குக் கற்றுக்கொடுத்தான். மற்றொன்றின் முன் அசையாமல் நில் என்று ட்ராய் சொன்னான். இந்த ஒப்பீட்டை ஹார்டி எங்கும் விளக்கவில்லை. எட்டு அத்தியாய இடைவெளியில் இரண்டையும் வைத்துவிட்டு விலகிக்கொள்கிறார்.

ட்ராயை அவள் மணந்துகொள்வது மனதை மட்டும் பாதிக்கிற விஷயம் இல்லை. மணமான பெண் தன் சொத்தைத் தன் பெயரில் வைத்து ஆள இங்கிலாந்தில் முழு உரிமை தந்த சட்டம் வந்தது 1882-இல். நாவல் வந்தது 1874-இல். ஆகவே தாலி கட்டிய மறுநாளே பண்ணையின் முதலாளி ட்ராய்தான். குதிரைப் பந்தயத்தில் ஒரே மாதத்தில் 100 பவுண்டுக்கு மேல் விடுகிறான். இந்தச் சட்டப் பின்னணியை மனதில் வைத்துக்கொண்டு படித்தால், இவள் ஏன் இவ்வளவு யோசிக்கிறாள் என்று பாத்ஷிபாவின் தயக்கங்களைப் பற்றி எழும் சலிப்பு காணாமல் போகும். அவளுக்குக் கல்யாணம் என்பது பண்ணைச் சாவியைக் கையிலிருந்து கொடுப்பது.

ஆகஸ்ட் கடைசியில் வரும் புயல் இரவு நாவலின் இன்னொரு சிகரம். அறுவடை விருந்தில் ட்ராய் பெண்களையும் பிள்ளைகளையும் அனுப்பிவிட்டு, ஆப்பிள் கள்ளுக்குப் பழகிய ஆட்களுக்கு பிராந்தியை ஊற்றிக்கொடுத்து மயங்கி விழவைத்துவிடுகிறான். மழை வராது என்று அடித்துச் சொல்கிறான். ஓக்குக்கு வேறு இடங்களிலிருந்து செய்தி வருகிறது. பாதையில் ஒரு தேரை கடக்கிறது. வீட்டுக்குள் பெரிய நத்தைப்புழு வந்து கிடக்கிறது. கூரையிலிருந்து சிலந்திகள் கீழே இறங்குகின்றன. ஆடுகள் நெருக்கியடித்து, எல்லாம் ஒரே திசைக்கு வாலைக் காட்டி நிற்கின்றன. புயல் எந்தப் பக்கமிருந்து வரும் என்று அதில் தெரிகிறது.

களத்தில் 5 கோதுமைப் படப்பு, 3 வாற்கோதுமைப் படப்பு, எதற்கும் மூடாக்கு இல்லை. ஓக் மனக்கணக்குப் போடுகிறான்: கோதுமை படப்புக்கு 30 குவார்ட்டர் (அந்தக் காலத் தானிய அளவை) வீதம் 150, வாற்கோதுமை 40 வீதம் 120, மொத்தத்தில் 750 பவுண்டு பெறுமான தானியம் நனையப்போகிறது. தார்த்துணி நான்குதான் கிடைக்கிறது. படப்புக்கு இரண்டாக இரண்டு படப்பை மூடுகிறான். மீதிக் கோதுமைக்கு மேல்கதிர்க்கட்டுகளை ஒன்றன்மேல் ஒன்று சாய்த்து, இடுக்குகளில் பிரித்த கதிரைத் திணித்துத் தண்ணீர் வழிந்தோடச் செய்கிறான். வாற்கோதுமைக்கு அந்த வித்தை போதாது, கூரைபோல் வேய வேண்டும். படப்பில் செருகும் நீண்ட இரும்புக் கம்பியில் கால்நடையைக் கட்டும் சங்கிலியை மாட்டி, மறுமுனையைத் தரையில் விட்டு இடிதாங்கி செய்கிறான். பாத்ஷிபா கையில் விளக்கோடு வந்து, கணவன் படுத்துக் கிடக்க, ஏணியில் கட்டுகளைச் சுமந்து ஏற்றிக்கொடுக்கிறாள். மின்னல் வெளிச்சத்தில், வேலைக்கு நடுவில்தான், தான் ஏன் ட்ராயை மணந்தாள் என்று அவனிடம் முதன்முதலாக மனம்விட்டுச் சொல்கிறாள். எட்டு மாதத்துக்கு முன் இதே இடத்தில் இதே பெண்ணுக்காக நெருப்போடு போராடியதும் அவனுக்கு நினைவு வருகிறது.

விடிந்ததும் வழியில் போல்ட்வுட். உங்கள் படப்புகளை மூடிவிட்டீர்களா என்று கேட்டால், இந்த ஆண்டு மறந்துவிட்டேன் என்கிறார். ஒரு பெரும் பண்ணைக்காரர் அறுவடையை மூட மறந்தார் என்றால் அவருடைய மனம் எங்கே போய்விட்டது என்று விவசாயம் தெரிந்த யாருக்கும் நெஞ்சு பதறும். அவருடைய காதல் நோயைப் பற்றி அதுவரை எழுதிய பக்கங்கள் அனைத்தையும்விட இந்த ஒரு பதில் கனமானது.

குறைகளும் இருக்கின்றன. ட்ராய் கைவிட்ட ஃபேனி ராபினின் கதை உருக்கமானது. கல்யாணத்தன்று தேவாலயப் பெயரைக் குழப்பி வேறு கோயிலில் போய் நின்ற ஏழைப் பெண், கடைசியில் சவப்பெட்டியில் குழந்தையோடு திரும்பி வருகிறாள். பெட்டியின் மேல் சுண்ணக்கட்டியால் எழுதியிருந்த, குழந்தையும் என்ற சொற்களை மட்டும் ஓக் துடைத்துவிடும் இடம் மறக்க முடியாதது. ஆனால் அவளை இன்னும் அருகில் பார்க்க ஹார்டி விடவில்லை. இந்தப் பகுதியைப் பக்குவமாகக் கையாளும்படி இதழாசிரியர் லெஸ்லி ஸ்டீபன் கேட்டுக்கொண்டதும் ஒரு காரணம். ட்ராய் கடலில் மூழ்கிவிட்டதாக எல்லோரும் நம்புவதும், திரும்பி வந்து சந்தைக் கூத்தில் வேஷம் கட்டுவதும், கிறிஸ்துமஸ் விருந்தில் சரியான நொடியில் கதவைத் திறப்பதும் தொடர்கதையின் கட்டாயத்தில் விளைந்தவை. வாற்கோதுமையை முளைகட்டும் மால்ட் கூடத்தில் கூலியாட்கள் கூடிப் பேசும் அத்தியாயங்களில் நகைச்சுவை நீண்டுகொண்டே போகிறது. அங்கே வரும் வட்டார வழக்கு புரியவில்லை என்றால் தாராளமாக வேகமாகக் கடக்கலாம், கதை எதுவும் தவறாது.

போல்ட்வுட்டின் முடிவில் ஒரு விவரம் மட்டும் சொல்கிறேன். ட்ராயைச் சுட்டுவிட்டு அவர் சிறைக்குப் போனபின் வீட்டு அலமாரியைத் திறந்தால், அவளுக்காக வாங்கிச் சேர்த்த பட்டும் நகையும் பொட்டலம் பொட்டலமாக இருக்கின்றன. ஒவ்வொன்றிலும் பாத்ஷிபா போல்ட்வுட் என்ற பெயர், ஆறு ஆண்டு கழித்து வரப்போகும் தேதி. வியாபாரச் சரக்கை இருப்பு வைப்பதுபோல் காதலை இருப்பு வைத்த மனிதர்.

கடைசியில் ஓக் வேலையிலிருந்து விலகி கலிஃபோர்னியா போகிறேன் என்று நோட்டீஸ் கொடுக்கிறான். அவள் இரவில் அவன் குடிசைக்கே போய்க் காரணம் கேட்கிறாள். உங்களுக்கும் எனக்கும் கல்யாணம் என்று ஊரில் பேச்சு என்கிறான். அது மிகவும் என்று அவள் தொடங்கி ஒரு சொல் சொல்ல, அபத்தம் என்று அவன் அதை எடுத்துக்கொள்கிறான். இல்லை, இவ்வளவு சீக்கிரம் என்றுதான் சொன்னேன் என்று அவள் திருத்துகிறாள். முதல் முறை ஓடிவந்து பொய்யைத் திருத்தியபோது சம்மதம் இல்லை. இந்த முறை திருத்தத்திலேயே சம்மதம் இருக்கிறது. 52 அத்தியாயம் தள்ளி வரும் இந்த எதிரொலிதான் ஹார்டியின் கட்டுமானம் எவ்வளவு கெட்டி என்பதற்கு என் சாட்சி. ஆணும் பெண்ணும் பெரும்பாலும் கேளிக்கையில் மட்டுமே சேர்ந்து பழகுகிறார்கள், உழைப்பில் சேர்வதில்லை, அப்படிச் சேர்ந்து உழைத்து வரும் நேசமே நிலைக்கும் என்ற கருத்தை ஹார்டி இங்கே வெளிப்படையாகவே எழுதிவிடுகிறார். அவர் சொல்லாமலே விட்டிருக்கலாம். கத்தரியும் படப்பும் முன்பே சொல்லிவிட்டன.

வாங்குகிறவர்களுக்கு: காப்புரிமைக் காலம் முடிந்த நூல் என்பதால் ப்ராஜெக்ட் குட்டன்பர்க் தளத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. லிப்ரிவாக்ஸ் தளத்தில் தன்னார்வலர்கள் வாசித்த ஒலிநூலும் இலவசம். வட்டார வழக்கு உரையாடல்களுக்குக் காதால் கேட்பதே சுலபம். அச்சில் வாங்குவதானால் அடிக்குறிப்பு உள்ள பதிப்பாகப் பாருங்கள். விவிலியக் குறிப்புகளுக்கும் பண்ணைக் கருவிகளின் பெயர்களுக்கும் அது இல்லாமல் தடுமாற வேண்டியிருக்கும். ஹார்டி 1895-லும் 1912-லும் பாடத்தைத் திருத்தியிருக்கிறார். உங்கள் பதிப்பு எந்தப் பாடம் என்று முன்னுரையிலேயே போட்டிருப்பார்கள். சுருக்கப் பதிப்பு வேண்டாம். சுருக்குகிறவர்கள் முதலில் வெட்டுவது ஆட்டையும் படப்பையும்தான்.

வாங்கலாமா என்று சந்தேகம் இருந்தால் குட்டன்பர்க் பிரதியில் 21-ஆம் அத்தியாயத்தை மட்டும் முதலில் படியுங்கள், சில பக்கங்கள்தான். முந்தைய கதை இவ்வளவு தெரிந்திருந்தால் போதும். அந்தக் குழலிலிருந்து காற்று பீறிடும்போது உங்களுக்கும் மூச்சு வந்தால் முதல் அத்தியாயத்துக்குத் திரும்பிப் போகலாம்.